பரோட்டாவோடு போன பல்

ஐந்தருவியிலிருந்து தென்காசிக்குத் திரும்பும் பஸ்ஸில், எனக்கு முன் சீட்டில் இருந்த ஓர் அம்மா தன் கணவரிடம் சத்தமாகவே கேட்டார்: "நாளைக்குக் காலையிலயாவது அது வெளிய வருமா?"

கணவர் பெரிய மீசைக்காரர். கையால் வாயை மூடிக்கொண்டு பதில் சொன்னார்.

"மெதுவாப் பேசுட்டி. முன்பல்லுக்குப் போட்ட கேப்பு பரோட்டாவோட உள்ள போயிட்டு. நான் என்ன செய்ய?"

"நாளைக்கு மாப்ள வீட்டுக்காரங்க வாராங்க. இன்னைக்குத்தான் ஒங்களுக்குப் பரோட்டா கேக்குதாக்கும்?"

"டாக்டர்ட்ட போன்ல கேட்டுட்டேன். புதுசு செய்ய ஒரு வாரம் ஆவுமாம். பழசு கெடச்சா நல்லா சுத்தம் பண்ணி ஒட்டித் தாரேங்காரு."

"ச்சீ! அந்தப் பல்ல வச்சுக்கிட்டு சம்பந்தி முன்னால பேசுவியளா?"

"அவருக்குத் தெரியவா போவுது?"

"எனக்குத் தெரியும்லா! பேசாம உம்முனு இருங்க. போலீஸ்காரருல்லா, அப்படித்தான் இருப்பாருன்னு நெனச்சுக்கிடுவாங்க."

"எம் மவளுக்குப் பேசி முடிக்கையில சிரிக்காம எப்படிட்டி இருப்பேன்?"

அந்த அம்மா உடனே மகளுக்குப் போன் போட்டு எல்லாவற்றையும் சொன்னார். மகள் பேசியதைக் கேட்டுவிட்டுக் கணவர் பக்கம் திரும்பினார்.

"நீங்க ஓட்டப்பல்லோட சிரிச்சாலும் பரவால்லையாம். அந்தப் பல்ல மாட்டிட்டு வந்தா மட்டும் அவ வெளிய வரமாட்டாளாம். மாப்ளைக்கு நீங்களே காப்பி குடுத்துக்கிடணுமாம்."

மீசைக்காரர் வாயிலிருந்து கையை எடுத்தார். பல் போன இடம் நன்றாகத் தெரிய, பஸ்ஸே திரும்பிப் பார்க்கும்படி சிரித்தார்.