நூலளவு சுருதி

எனக்கு எதுவும் கோணலாக இருக்கக் கூடாது, டாக்டர். உங்கள் சுவரில் காலண்டர் சாய்ந்திருந்தது. நீங்கள் கை கழுவப் போனபோது நேராக்கிவிட்டேன். நன்றியெல்லாம் வேண்டாம்.

என் மனைவி மேதா ஏன் பேசுவதில்லை என்று கேட்டீர்கள். கட்டினவனுக்குத் தெரியாமல் வேறு யாருக்குத் தெரியும்.

எங்கள் கல்யாண நலங்கில் நான் ஒரு பாட்டுப் பாடினேன். "சுருதி கொஞ்சம் எறங்கறதே" என்றாள் மேதா, மணையில் உட்கார்ந்தபடியே. சத்திரம் முழுக்கச் சிரித்தது. நானும் சிரித்தேன். அன்றைக்கே மறந்தும்விட்டேன். எண்பத்தாறு, ஆவணி, வெள்ளிக்கிழமை, மாலை நாலரை மணி.

போன வருஷம், அக்ரஹாரத்தில் இருக்கும் என் ரெக்கார்டிங் ஸ்டூடியோவுக்குக் கம்ப்யூட்டர் வாங்கினேன். அதில் ஒரு புரோகிராம். சுருதி தப்பிய குரலை இழுத்துச் சரியான இடத்தில் நிறுத்தும். பக்திப் பாடல் கேசட் போட வருகிற கழுதைக் குரல்களையெல்லாம் அது கரையேற்றியது. சரியான குரலைத் தப்பான இடத்திலும் நிறுத்தும். அதற்கு ஓரவஞ்சனை கிடையாது.

அந்தச் சமயத்தில்தான் ராமநவமிப் பந்தலில் பாட மேதாவைக் கூப்பிட்டார்கள். அவளுடைய முதல் தனிக் கச்சேரி. தினமும் காலையில் அவள் சாதகத்தைப் பதிவு செய்தேன். தம்பூராவைத் தொடவில்லை, அவள் குரலை மட்டும் ஒரு நூலளவு இறக்கிப் போட்டுக் காட்டினேன். அவள் முகம் வெளுத்துவிட்டது.

"நான் இப்படியா பாடினேன்? என் காதுக்குச் சரியாத்தானே இருந்தது?"

"காதை நம்பாதே கண்ணே. கம்ப்யூட்டருக்கு யார் மேலயும் பொறாமை கெடையாது" என்றேன்.

பாவம், உழைப்பாளி. நான் நூலளவு இறக்க இறக்க, அவள் நூலளவு ஏற்றிப் பாடப் பழகினாள். ஆறு மாதம். கடைசியில் பதிவில் கேட்டால் அப்பழுக்கில்லாத சுருதி. என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். எனக்கும் கண் கலங்கியது.

பந்தலில் என் புரோகிராம் இல்லை. இறக்கிவிட ஆளில்லாமல், முதலில் பாடிய வர்ணத்திலேயே தம்பூராவின் சுருதிக்கு நூலளவு மேலே நின்றாள். வயலின்காரர் இரண்டு முறை திரும்பிப் பார்த்தார். மூன்றாம் முறை பார்க்கவில்லை. முன்வரிசையில் யாரோ சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை. எனக்குச் சபை நாகரிகம் உண்டு.

ஆட்டோவில் திரும்பும்போது, "ஒங்க மானத்தை வாங்கிட்டேன், மன்னிச்சுடுங்கோ" என்றாள். கடைசியாக அவள் பேசியது அதுதான். நான் பெருந்தன்மையோடு மன்னித்துவிட்டேன்.

இதையெல்லாம் அவளிடம் சொல்லிவிடாதீர்கள், டாக்டர். தன் காதையே நம்பாதவள், இப்போது என்னை மட்டும்தான் நம்புகிறாள். அதையும் பிடுங்கிக்கொண்டால் தாங்க மாட்டாள்.