ஒற்றைத் தும்மல்

எனக்குச் சளித் தொல்லை கிடையாது, ஐயா. முதலில் அதை எழுதிக்கொள்ளுங்கள். பனிக்காலத்தில் கியூம்ரி ஊரே மூக்கை உறிஞ்சிக்கொண்டு அலையும்போதும் என் மூக்கு காய்ந்த ரொட்டி மாதிரி இருக்கும். இந்த ஐம்பத்து நான்கு வயதுக்குள் நான் தானாகத் தும்மியது பத்துத் தடவைகூட இருக்காது. நான் தும்மினேன் என்றால் அதற்கு ஒரு காரணம் இருந்தாக வேண்டும்.

பெயர் செரோப். பளுதூக்கும் வீரர்களுக்கு உடம்பு பிடித்துவிடுவது என் தொழில். எடை ஐம்பத்தொன்பது கிலோ. அதையும் எழுதிக்கொள்ளுங்கள், வழக்குக்கு அது முக்கியம். நீங்கள் தலைநகரத்திலிருந்து மாற்றலாகி வந்தவர் என்று வாசலில் நிற்கும் காவலர் சொன்னார். நல்லதாகப் போயிற்று. உள்ளூர் ஆள் என்றால் பாதிக் கதையிலேயே சிரித்துவிடுவார்.

நான் யாருக்கும் கெடுதல் நினைத்தவன் இல்லை. ஹம்பர்சுமுக்கு நினைப்பேனா? ஊரே ஹம்போ என்று செல்லமாகக் கூப்பிடும் அந்தப் பிள்ளையை, அவனுடைய பதினேழாவது வயதிலிருந்து இந்தக் கைகளால்தான் பிடித்துவிடுகிறேன். என் மனைவியின் முகத்தைவிட அவன் முதுகு எனக்கு நன்றாகத் தெரியும். அந்தப் பிள்ளையின் ஒலிம்பிக் தங்கத்தைப் பறித்தது நான்தான். எப்படி என்று நிதானமாகச் சொல்கிறேன்.

நான்கு வருடத்துக்கு முந்தைய ஒரு ஜனவரிக் காலையில் தொடங்குகிறது. எங்கள் பயிற்சியாளர் ஸ்பர்தாக் வீட்டில் மாட்டுக்கால் பாயா. காலை எட்டு மணிக்குப் பதினான்கு பேர் உட்கார்ந்து, பூண்டைத் தட்டிப் போட்டு, காய்ந்த ரொட்டியைப் பிய்த்து ஊறவைத்து, நடுநடுவே வோட்கா. ஹம்போவுக்கு அப்போது பத்தொன்பது. அந்த வாரம்தான் ஓர் இளைஞர் போட்டியில் ஒரு முயற்சிகூடத் தேறாமல் வெறுங்கையோடு திரும்பியிருந்தான். தலை நிமிராமல் ஐந்தாவது கிண்ணத்தைச் சாப்பிட்டுக்கொண்டிருந்தான். முடிதிருத்தும் முஷேக் எழுந்து, கோப்பையை உயர்த்தி, "நம்ம ஹம்போ வாங்கப்போற ஒலிம்பிக் பதக்கத்துக்கு" என்றான். எல்லோரும் குடித்தார்கள். நானும் குடித்தேன். குடித்துவிட்டுச் சும்மா இருந்திருக்கலாம். நுணலும் தன் வாயால் கெடும்.

"யாரு, இவனா?" என்றேன். "இவன் தூக்குறது கரண்டி ஒண்ணுதான். இவன் மட்டும் தங்கம் வாங்கட்டும், ரயிலடியிலேர்ந்து மேட்டு மேல இருக்குற கறுப்புக் கோட்டை வரைக்கும் நானே இவனை முதுகுல சுமந்துக்கிட்டுப் போறேன்."

தங்கம் என்றுதான் சொன்னதாக ஞாபகம். பாயா மேசை குலுங்கச் சிரித்தார்கள். ஹம்போவுக்குக் கோபம் வரவில்லை. கரண்டியைக் கீழே வைத்துவிட்டு, "பனிக்காலத்துல வேணாம் மாமா, வழுக்கும்" என்றான். முஷேக் நான் சொன்னதை ஒரு தாளில் எழுதி, தன் கடைக் கண்ணாடியின் மூலையில் ஒட்டிவைத்தான் என்று பிறகு கேள்விப்பட்டேன். என் தலையில் முடி இல்லாததால் அந்தக் கடைக்குப் போய் அதைப் படிக்கும் அவசியம் வரவில்லை.

சொன்ன சொல்லைக் காற்றில் விட்டிருக்கலாமே என்று நீங்கள் கேட்கலாம். கியூம்ரியில் அது நடக்காது, ஐயா. என் தெருவில் ஒரு வீட்டுக்குத் 'திரும்பிப்போன மாப்பிள்ளை வீடு' என்று பெயர். வாக்குக் கொடுத்துவிட்டுக் கல்யாணத்தன்று திரும்பிப்போனவர் செத்து நாற்பது வருடமாகிறது. அவருடைய பேத்திக்கு வரும் கடிதத்தில் தபால்காரர் இன்றைக்கும் அதைத்தான் அடையாளமாக எழுதுகிறார்.

அதன் பிறகு ஹம்போ தேற ஆரம்பித்தான். முதலில் உள்நாட்டில் முதலிடம், அப்புறம் ஐரோப்பாவில் மூன்றாமிடம், அப்புறம் இரண்டாமிடம். அவன் தூக்கிய எடையை ஊரார் செய்தித்தாளில் படித்தார்கள். நான் அவன் எடையை விரலால் படித்தேன். மற்றப் பிரிவுக்காரர்கள் போட்டிக்கு முன்னால் பட்டினி கிடந்து வற்றுவார்கள். ஹம்போ இருந்த அதிகனப் பிரிவுக்கு மேல்வரம்பே கிடையாது, சாப்பிடுவதும் பயிற்சியில் சேர்த்தி. பாயா வீட்டில் நூற்று முப்பத்து நான்காக இருந்தவன், அடுத்த வருடம் நூற்று நாற்பத்தாறு, அதற்கடுத்த வருடம் நூற்று ஐம்பத்தெட்டு. ஒவ்வொரு வெற்றிக்கும் அவன் அம்மா ஒரு வாத்தை அடித்துக் குழம்பு வைத்தாள். அந்த வாத்து எங்கே போய் உட்கார்ந்தது என்று மறுநாள் காலையில் என் கட்டைவிரலுக்குத் தெரியும்.

நான் முதலில் நேர்வழியில்தான் முயன்றேன். அவன் நூற்று அறுபத்தெட்டைத் தொட்ட அன்று ஸ்பர்தாக்கிடம் போனேன்.

"அண்ணே, பையனை ஒரு படி கீழ்ப் பிரிவுக்கு எறக்கிப் பாக்கலாமே. மூட்டுக்கு நல்லது."

ஸ்பர்தாக் மனக்கணக்குப் போட்டார். "ஐம்பத்தொம்பது கிலோ எறக்கணும்யா. அவன்கிட்டேர்ந்து ஒரு முழு ஆளைக் கழிக்கணும்." என்னை மேலும் கீழும் பார்த்தார். "ஒன்னையத்தான் கழிக்கணும்."

நேர்வழி அதோடு அடைபட்டது.

இனித் தும்மலுக்கு வருகிறேன். ஒற்றைத் தும்மல் விழுந்தால் நாங்கள் 'சபுர்' என்போம்: பொறு, தொடங்காதே என்று அர்த்தம். கூடவே இன்னொன்று விழுந்தால் தடை நீங்கியது, தொடங்கலாம். தலைநகரத்தில் இதற்கெல்லாம் மதிப்பில்லை என்று கேள்வி, அதனால்தான் விளக்குகிறேன். போன வருடம் எங்கள் பயிற்சிக் கூடத்தில் ஹம்போ கம்பியைப் பிடிக்கக் குனிந்த நேரத்தில் நான் ஒரு தும்மல் தும்மினேன். அது உண்மையான தும்மல், நான் பொறுப்பில்லை. அவன் "சபுர்" என்று சொல்லி இரண்டடி பின்னால் நகர்ந்தான். அவன் நின்ற இடத்தில் மேற்கூரையிலிருந்து முறம் அகலத்துக்குச் சுண்ணாம்புக் காரை பொத்தென்று விழுந்தது. ஹம்போ என்னைத் தரையிலிருந்து தூக்கி மூக்கிலே முத்தம் கொடுத்தான்.

"மாமா, ஒங்க மூக்குல கடவுள் இருக்காரு" என்றான்.

அன்று வீட்டுக்கு நடந்து போகும்போது பல மாதங்களுக்குப் பிறகு என் முதுகு இலேசாக இருந்தது.

அவசரப்பட்டு எதையும் செய்யவில்லை. மிளகை நைசாக இடித்துப் பொட்டலம் கட்டி, தைல பாட்டில்களோடு வைத்துக்கொண்டேன். மூன்று போட்டிகளில் ஒத்திகை பார்த்தேன். முதல் இரண்டிலும் ஒரு தும்மல் தும்மி அவனை நிறுத்தி, பத்து வினாடி கழித்து இன்னொன்று தும்மி விட்டுவிட்டேன். தூக்கினான், ஜெயித்தான், எனக்கும் மகிழ்ச்சிதான். மூன்றாவதில் அந்த இரண்டாவது தும்மலைத் தராமல் பார்த்தேன். அவனும் தொடாமல் நின்றான். கடிகாரம் ஓடி முடிந்தது. இறங்கி வந்து, "சபுர் விழுந்துச்சு, என்ன பண்றது" என்று ஸ்பர்தாக்கிடம் சாதாரணமாகச் சொன்னான். ஸ்பர்தாக் தன் தொப்பியை வாயில் வைத்துக் கடித்தார். அன்று ஒரு வெண்கலம் போயிற்று. சின்ன வெண்கலம்தான்.

இதற்குள் அவன் நூற்று எழுபத்தொன்று ஆகியிருந்தான். நான் என்னைப் பற்றிக் கவலைப்படவில்லை, ஐயா. கோட்டை மேட்டில் நான் கால் தவறி விழுந்தால் அவனுக்கல்லவா அடிபடும்? நாட்டின் சொத்து அவன். அந்தப் பொறுப்பு எனக்கு இருந்தது.

ஒலிம்பிக்கில் அன்று பிற்பகல் அவனுடைய கடைசி முயற்சி பாக்கி. முன்னால் நின்றவன் தன் மூன்றையும் முடித்துவிட்டான். ஹம்போ இருநூற்று ஐம்பத்தொரு கிலோவைத் தோளுக்கு ஏற்றித் தலைக்கு மேல் நிறுத்தினால் தங்கம். காலையில் பிடித்துவிடும்போதே தெரிந்தது, அவன் தூக்குவான். உடம்பு அப்படி ஒரு பதத்தில் இருந்தது. நான் பிடித்துவிட்டதிலேயே சிறந்தது அதுதான் என்று இன்றும் சொல்வேன்.

பெயர் கூப்பிட்டார்கள். கையில் வெள்ளைப் பொடியைத் தட்டிக்கொண்டு மேடையேறினான். தொடங்க ஒரு நிமிடம். ஆயிரக்கணக்கான பேர் மூச்சை அடக்கி உட்கார்ந்திருந்தார்கள். அவன் குனிந்தான், விரல்கள் கம்பியைத் தொட்டன. திரைச்சீலை ஓரத்தில் நின்ற நான் தும்மினேன்.

அவன் நிமிர்ந்தான். என் பக்கம் திரும்பினான். அந்தப் பெரிய முகத்தில் கோபம் இல்லை. உதடு மட்டும் அசைந்தது: "இன்னொண்ணு, மாமா."

அரை நிமிட எச்சரிக்கை மணி அடித்தது. ஸ்பர்தாக் என் சட்டையைப் பிடித்துக்கொண்டார். "தும்முய்யா. ஒனக்குக் கோடிப் புண்ணியம், இன்னொரு தும்மல் தும்மு. யோவ், ஒங்க அப்பன் மேல ஆணை." கியூம்ரியில் முஷேக்கின் கடைத் தொலைக்காட்சிக்கு முன்னால் முப்பது பேர் ஆளுக்கொரு சிட்டிகை மூக்குப்பொடி போட்டு, திரையைப் பார்த்து மாறி மாறித் தும்மினார்களாம். பக்கத்துக் கடைத் தையற்காரர் மட்டும் பதினெட்டு. அத்தனையும் ஹம்போவுக்குக் கேட்கவா போகிறது?

இப்போது சொல்வதைக் கவனமாக எழுதுங்கள். இரண்டாவது தும்மல் வந்தது, ஐயா. தானாகவே வந்தது. மூக்கு நுனிவரை வந்துவிட்டது. நான் மேலுதட்டை விரலால் அழுத்தி அதை விழுங்கினேன். முதல் தும்மலின் பழியை மிளகின் தலையில் போடலாம். விழுங்கியது நான்.

நேரம் முடிந்தது. வெள்ளி.

ஹம்போ இறங்கி வந்து என் மொட்டைத் தலையில் கையை வைத்தான். "விடுங்க மாமா. தூக்கியிருந்தா இன்னைக்கு என் முதுகு ஒடிஞ்சிருக்கும். அதான் ஒங்க மூக்கு தடுத்திருக்கு. ஒங்களாலதான் உசுரோட நிக்கிறேன்" என்றான். என் கண்ணில் தண்ணீர் வந்தது. மிளகு என்றுதான் அப்போது நினைத்தேன். வெறுமனே வெட்கம் என்று இரண்டு நாள் கழித்துத் தெரிந்தது.

ஊர் ரயிலடியில் மேளமும் குழலுமாக வரவேற்பு. என் நெஞ்சில் பாரமில்லை. தங்கம் இல்லை, சுமையும் இல்லை. முஷேக் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து, கண்ணாடியிலிருந்து பிய்த்தெடுத்த அந்தத் தாளை என் கையில் கொடுத்தான்.

"எப்ப தூக்குறே?" என்றான்.

"தங்கம்னுதானேடா சொன்னேன்."

"படிச்சுப் பாரு. பதக்கம்னு இருக்கு. பதினாலு பேரு கேட்டிருக்கோம். வெள்ளி பதக்கமில்லையா? பின்னே என்ன, சாப்பாட்டுத் தட்டா?"

படித்தேன். பதக்கம் என்றுதான் இருந்தது. கிணறு வெட்டப் போய்ப் பூதத்தைக் கிளப்பிவிட்டு, அந்தப் பூதத்தையே முதுகிலும் ஏற்றிக்கொண்டேன்.

நான் ஹம்போவின் முகத்தைப் பார்த்தேன். அவன் தயங்கித் தயங்கிச் சொன்னான்: "ஒங்ககிட்ட மறைக்க மாட்டேன் மாமா. தங்கம் கெடச்சா, நீங்க என்னைத் தூக்க வேணாம், நானே ஒங்களைத் தோள்ல வச்சுக்கிட்டுக் கோட்டை வரைக்கும் போறதுன்னு நெனச்சிருந்தேன். ஸ்பர்தாக் அண்ணன்கிட்டகூட சொல்லிவச்சேன். ஆனா வெள்ளிக்கு அப்படிப் போனா ஊரு சிரிக்கும். ஒங்க வாக்காவது நெறவேறட்டும்."

ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணி என்று நாள் குறித்துவிட்டார்கள். மேளத்துக்குச் சொல்லியாயிற்று. கோட்டை மேட்டில் பள்ளிப் பிள்ளைகள் இரண்டு பக்கமும் பூவோடு நிற்பார்களாம். இன்று வெள்ளி. கிழமையைச் சொன்னேன்.

அதனால்தான் தானாக நடந்து வந்து சரணடைகிறேன். குற்றம் முழுவதும் என்னுடையது. எந்தச் சட்டப் பிரிவு என்று நீங்கள்தான் பார்க்க வேண்டும். தேசத் துரோகம் பொருந்தும் என்று நினைக்கிறேன். நாளைக்குள் என்னை உள்ளே வைத்துவிட்டால் நீதி நிலைக்கும். நீதி தாமதிக்கக் கூடாது, அதுவும் இந்த வழக்கில் கூடவே கூடாது. பையன் துக்கத்தில் சாப்பிட ஆரம்பித்துவிட்டான். நேற்றுப் பிடித்துவிட்டேன். நூற்று எண்பத்திரண்டு.

இதோ, மிளகுப் பொட்டலம். சாட்சிப் பொருளாக வைத்துக்கொள்ளுங்கள். பிரிக்க வேண்டியதில்லை, ஐயா, அது மிகவும் நைசாக இடித்தது. முகர்ந்து பார்க்கவும் வேண்டாம், மிளகுதான், நானே ஒப்புக்கொள்கிறேனே. நீங்கள் இங்கே, இந்தக் கோட்டின் மேல், ஒரு கையெழுத்துப் போட்டால் போதும்.

முகர வேண்டாம் என்றேனே. நூறாயுசு, ஐயா.

பேனாவை ஏன் கீழே வைக்கிறீர்கள்? நீங்கள் தலைநகரத்துக்காரர் ஆயிற்றே. உங்கள் தாயார் எந்த ஊர்? கியூம்ரியா? எந்தத் தெரு?

திங்கட்கிழமை பார்க்கலாமா? ஐயா, திங்கட்கிழமை வேண்டாம். இந்தாருங்கள், இன்னும் ஒரு சிட்டிகை எடுத்துக்கொள்ளுங்கள். இன்னொன்று தும்முங்கள், ஐயா. எனக்காகக் கேட்கவில்லை. அந்தப் பையனுக்காகத்தான் கேட்கிறேன்.