உதட்டைப் பார், கோல்பி

உங்கள் காபி நன்றாக இருக்கிறது, ஐயா. ஸ்டுடியோவில் ஊற்றுவதைக் கழுநீர் என்றுதான் சொல்ல வேண்டும். இந்தப் பர்பேங்க் ஸ்டுடியோக்களில் இத்தனை வருடம் வேலை பார்த்துவிட்டு, நல்ல காபி குடிக்கக் காவல் நிலையத்துக்கு வரவேண்டியிருக்கிறது.

என் பெயர் வெர்னா ஸ்டிராவுட். தொடர்களில் நடிக்கும் பிள்ளைகளுக்குப் படப்பிடிப்புத் தளத்திலேயே பாடம் சொல்லித்தரும் டீச்சர். தினமும் மூன்று மணி நேரம் பாடம் நடத்தச் சொல்கிறது சட்டம். பிள்ளைகளின் பாதுகாப்பும் என் பொறுப்புதான். நான் கையைத் தூக்கினால் டைரக்டரே கேமராவை நிறுத்தியாக வேண்டும். இதை நானே சொல்லிவிடுகிறேன். பின்னால் யாரோ துப்புத் துலக்கிய மாதிரி மேஜையைத் தட்ட வேண்டாம்.

‘பத்து வயதில் பதினொன்றாம் வகுப்பு’ உங்கள் வீட்டிலும் ஓடியிருக்கும். அதிமேதாவிப் பிள்ளைகள் இரண்டு பேர் வகுப்புகளைத் தாண்டிக் குதித்து, மீசை முளைத்த பையன்களோடு உயர்நிலைப் பள்ளியில் படிக்கிற சிரிப்புத் தொடர். அதில் புரொபசர் என்று எல்லோரும் கூப்பிடுகிற பொடியன்தான் கோல்பி. பை வைக்கிற பள்ளி லாக்கரின் மேல்தட்டு எட்டாது, வாயைத் திறந்தால் அணு விஞ்ஞானம். நாடே அவனைத் தூக்கி வைத்துக் கொண்டாடியது.

அந்தக் கோல்பிக்கு எழுதப் படிக்கத் தெரியாது.

ஆறு வயதில் வந்தான். வசனத்தை நான் வாயால் சொன்னால் அப்படியே பிடித்துக்கொள்கிற காது. ‘வெப்ப இயக்கவியல்’ என்பதை ஏதோ ஐஸ்கிரீம் பெயர் மாதிரி சொன்னான், பார்வையாளர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். பிறகு எழுத்துக்கூட்டத் தொடங்கினான். தானே படிக்கிறேன் என்றான். அர்த்தம் கேட்டான். அர்த்தம் தெரிந்ததும் பெரிய மனுஷன் மாதிரி நிறுத்தி நிதானமாகச் சொன்னான். ஒருத்தர் சிரிக்கவில்லை. அன்றைக்கு அந்தக் குழந்தை திரைக்குப் பின்னால் போய்த் தேம்பித் தேம்பி அழுதது. அவனை மடியில் வைத்துக்கொண்டு நான் ஒரு முடிவெடுத்தேன். அதில் எனக்கு இன்றுவரை வருத்தமில்லை.

எழுத்தை நிறுத்தினேன். பாட நேரத்தில் கதவைச் சாத்திக்கொண்டு வசனம் சொல்லிக்கொடுத்தேன். மதிப்பெண் தாராளமாகப் போட்டேன். திங்கட்கிழமைகளில் நடிகர்கள் எல்லோரும் மேஜையைச் சுற்றி உட்கார்ந்து வசனம் வாசிப்பார்கள். கோல்பி முன்னமே மனப்பாடம். பக்கத்தை எப்போது புரட்டுவது என்பதற்கு நான் இருமுவேன். எனக்குத் தீராத இருமல் என்று எல்லோருக்கும் ஒரே கவலை, தேன் வாங்கித் தந்தவர்கள்கூட உண்டு. வெள்ளிக்கிழமை, பார்வையாளர்களுக்கு முன்னால் படமெடுக்கும்போது, கேமராவுக்குப் பக்கத்தில் நிற்பேன். மறந்துபோனால் என் உதடு அசைவதைப் பார்த்துச் சொல்லிவிடுவான். “உதட்டைப் பார், கோல்பி” என்பதுதான் எங்கள் மொத்தப் பாடத்திட்டமும்.

நடுநடுவே கேட்பான்.

“மிஸ், எனக்கு மட்டும் ஏன் படிக்க வரல?”

“உன் மூளை வேற மாதிரிடா கண்ணு. எழுத்து அதுல நிக்காது. வெளியில சொன்னா சிரிப்பாங்க.”

“அம்மாகிட்ட சொல்லட்டா?”

“அம்மா அழுவாங்க. உனக்குத்தான் நான் இருக்கேன்ல?”

நீங்கள் முகத்தைச் சுளிக்கிறீர்கள். படித்த பிள்ளைகளெல்லாம் என்ன கிழித்துவிட்டார்கள் என்று கேட்கிறேன். என்னிடம் ஒழுங்காகப் படித்துப்போன எத்தனையோ பேரின் பெயர் இன்று அவர்கள் தெருவுக்கே தெரியாது. கோல்பியால் அவன் அம்மாவுக்கு வீடு வந்தது, தளத்தில் அத்தனை பேர் வீட்டிலும் அடுப்பு எரிந்தது. அவனை மேதையாக்கியது நான்.

எல்லாம் ஒழுங்காகத்தான் போய்க்கொண்டிருந்தது, அந்த ஒடெட் மூக்கை நுழைக்கும் வரை. இன்னொரு மேதாவியாக நடிப்பவள். பதிமூன்று வயது, வாய் காது வரை. மேக்கப் அறையில் சோளப்பொரி டப்பாமேல் அச்சடித்திருப்பதைக் காட்டி இவனுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுத்திருக்கிறாள். ஒருநாள் காலை கோல்பி என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய், கதவுக்கு மேலே எரிகிற சிவப்பு விளக்கைக் காட்டினான்.

“மிஸ், அதுல ‘வெளியே’ன்னு போட்டிருக்கு. நானே படிச்சேன். என் மூளை நல்லாத்தான் இருக்காம், ஒடெட் சொன்னா.”

அப்படியொரு சந்தோஷத்தை அவன் முகத்தில் நான் பார்த்ததே இல்லை. கைதட்டலுக்குக்கூட அப்படிச் சிரித்ததில்லை. எனக்கு வயிறு எரிந்தது. மறைக்க மாட்டேன், பற்றி எரிந்தது.

அதே நாள் மதியம். பள்ளிக்கூட செட்டில் புதிதாக ஒரு மாடி முகப்பு கட்டியிருந்தார்கள். வெள்ளிக்கிழமைப் படப்பிடிப்பில் கோல்பி அங்கிருந்துதான் காட்சிக்குள் வர வேண்டும். தச்சர் கஸ் படிக்கட்டுக்குக் குறுக்கே கயிறு கட்டி, ஒரு பலகையைத் தொங்கவிட்டுக்கொண்டிருந்தார். ‘கைப்பிடி பொருத்தவில்லை. ஏறாதே.’

“வெறும் பலகை போதுமா, கஸ்?” என்று கேட்டேன். ஆம், நான் கேட்டேன், குறித்துக்கொள்ளுங்கள்.

“இங்க எல்லாரும் பெரிய படிப்பாளிங்க மிஸ். படிக்கத் தெரியாதவன் எவன் இருக்கான்?” என்று சிரித்துவிட்டுச் சாப்பிடப் போனார்.

கோல்பி வந்தான். பலகை முன் நின்றான். முதல் வார்த்தை மேல் விரலை வைத்துத் தானாக முயன்றான், பாவம். வரவில்லை. உடனே திரும்பினான், என் உதட்டைப் பார்க்க.

நான் வாயை மூடிக்கொண்டேன்.

மறந்துபோய் அல்ல. வேண்டுமென்றே மூடிக்கொண்டேன். படி, உன் ஒடெட்டை வைத்துப் படி என்று நினைத்தேன். கஸ் வந்து நாலு பேர் முன்னால் திட்டட்டும், அசடு வழியட்டும், சாயங்காலம் என்னிடமே ஓடி வரட்டும் என்று நினைத்தேன். ஆபத்து இருந்தால் மிஸ் சொல்லியிருப்பார்கள் என்று அவன் நினைத்தான் போலிருக்கிறது. அப்படித்தான் அவனைப் பழக்கியிருந்தேன். கயிற்றுக்கு அடியில் குனிந்து ஏறினான். மேலே போய், எனக்குக் கையசைத்துவிட்டு, ஆணி அடிக்காமல் சும்மா நிறுத்தி வைத்திருந்த கைப்பிடியில் சாய்ந்தான். கையைத் தூக்கி ஒரு சத்தம் போட எனக்கு நேரம் இருந்தது. தாராளமாக இருந்தது.

இடுப்பெலும்பு, முதுகெலும்பு என்கிறார்கள். நடப்பது சந்தேகமாம். கைப்பிடியைப் பொருத்தாதது நானா? கீழே சிமென்ட் தரை போட்டது நானா? அந்தப் பெண் நடுவில் வராமல் இருந்திருந்தால் வெள்ளிக்கிழமை அவன் மேடையில் நின்றிருப்பான். என்னவோ, நீங்கள் எழுதியதெல்லாம் சரி. கொடுங்கள், கையெழுத்துப் போடுகிறேன்.

இது என்ன தாள்? ஆஸ்பத்திரியிலிருந்தா? பென்சில் கிறுக்கல். ஒவ்வொரு எழுத்தும் ஒவ்வொரு பக்கம் சாய்ந்து கிடக்கிறது. ‘மிஸ் வாய மூடிக்கிட்டாங்க.’

ஒடெட் தினமும் ஆஸ்பத்திரிக்குப் போய் எழுத்துச் சொல்லிக்கொடுத்தாளாம், அவள் வெளியே போனபிறகு, யாரும் சொல்லித்தராமல், அவனே எழுதினான் என்கிறீர்கள். நீங்களே பக்கத்தில் நின்று பார்த்தீர்களாக்கும்.

இல்லை ஐயா, உங்களை யாரோ ஏமாற்றியிருக்கிறார்கள். கோல்பிக்கு எழுத வராது. அவனை என்னைவிட யாருக்குத் தெரியும்?