எந்திரிச்சு வந்த வைரக்கண்ணு

சும்மா இருங்கப்பா! நாடகம் ஆரம்பிக்க இன்னும் நேரம் கெடக்கு. அதுக்குள்ள சொல்லி முடிச்சிடுறேன். நடுவுல எவனும் வாயத் தொறக்கப்படாது.

நம்மூருக்குக் கரண்டு வராத காலம். காரைக்கால்ல பிரெஞ்சுக்காரன் கொடி பறந்த காலம். இதே மேட்டுத்திட்டுக் குப்பத்துல வைரக்கண்ணுன்னு ஒருத்தரு இருந்தாராம். எங்க தாத்தாவுக்கு அண்ணன். அவருக்குக் காலு ஒரு எடத்துல தரிக்காதாம். தாலி கட்டி நாலாம் மாசம், கப்பல்ல சமையலுக்கு ஆள் எடுக்குறான்னாங்க, ஏறிட்டாரு. போனவரு பிரான்சு தேசத்துல ஊமைப்படத்துல சேந்துட்டாராம்.

என்ன வேசம்? ராசாவா? அட போங்கப்பா! வாசக் காவக்காரன், படகோட்டி, வெளக்குத் தூக்குறவன். வருவாரு, சுடுவாங்க, விழுவாரு. அம்புட்டுதான். ஆனா விழுறதுல அவர அடிச்சுக்க ஆளில்லியாம். பாரிசுல செத்தாரு, பெர்லின்ல செத்தாரு, பதினோரு வருசம் ஊரு ஊராச் செத்தாரு. பொண்டாட்டி காத்தாயிக்குக் காயிதம் போடுவாரு: "இன்னும் ஒரே ஒரு படம், வந்துடுறேன்." காத்தாயியும் நெல கொள்ளாம வாசலுக்கும் கடக்கரைக்கும் நடக்குமாம்.

திடீர்னு காயிதம் நின்னு போச்சு. ஒரு மாசம், ரெண்டு மாசம், மூணு மாசம். அப்பப் பாத்துக் காரைக்கால்ல கொட்டாய் போட்டு ஒரு படம் காட்டுனான். "வைரக்கண்ணு அதுல வர்றான்"னு ஊரே வண்டி கட்டிப் போச்சு. வெளக்கோட வந்தாரு வைரக்கண்ணு. "அய்யோ, எளச்சுப் போயிட்டாரே!"ன்னு எந்திரிச்சு நின்னுச்சாம் காத்தாயி. ஒரு துரை துப்பாக்கிய நீட்டுனான். விழுந்தாரு. படம் பேசாதுல்ல, பக்கத்துல நின்னு கதை சொல்ற ஆளு தொண்ட கிழியக் கத்துனான்: "விழுந்தான்! உசுரு போச்சு!"

சினிமான்னா என்னன்னு நம்மாளுங்களுக்கு என்ன தெரியும்? கண்ணால பாத்தாச்சு. காயிதமும் வரல. கருமாதி பண்ணி, அந்தப் பொண்ணு தாலிய அறுத்துப்புட்டாங்க.

கருமாதி முடிஞ்ச ஒம்பதாம் நாளு பெட்டியத் தூக்கிக்கிட்டு மனுசன் வந்து நிக்கிறாரு! ஊருக்கு வர்ற வழியில காய்ச்சல் கண்டு, கப்பக்காரன் ஏதோ ஒரு தொறமுகத்துல எறக்கி விட்டுட்டானாம், அதான் காயிதமும் வரல.

நாட்டாமக்காரரு வழிய மறிச்சாரு. "சடங்கு செஞ்ச ஆளு செத்த ஆளு. ஊருக்குள்ள வரப்படாது."

"நடிப்புங்க! பொய்யிங்க!"ன்னு கதறுனாரு வைரக்கண்ணு. யாரு கேட்டா? காலு மறுபடி கப்பல் பக்கம் திரும்புச்சாம்.

கூட்டத்த வெலக்கிக்கிட்டு வந்துச்சு காத்தாயி.

"படத்துல விழுந்தியே, அதே மாதிரி விழு."

"காத்தாயி..."

"விழுய்யா!"

மணல்ல விழுந்தாரு. அச்சு அசலா அதே மாதிரி.

"இப்ப எந்திரி."

எந்திரிச்சாரு.

காத்தாயி நாட்டாமக்காரரப் பாத்துச்சு. "செத்தவரு எந்திரிச்சிட்டாரு. எல்லாரும் பாத்தீங்கல்ல? மஞ்சக் கயிறு எடுங்க!"

கடக்கரையிலியே ரெண்டாந்தரம் தாலி ஏறுச்சாம். அப்புறம் தெனம் போயிக் கப்பலப் பாப்பாராம், தவிப்பாராம், ஆனா ஏறல. முப்பது வருசம் கழிச்சு நெசமாவே செத்தாரு. காத்தாயி தலமாட்டுல நின்னு, "எந்திரிய்யா, எந்திரி"ன்னு மூணு தரம் கூப்புட்டுச்சாம். அன்னிக்குத்தான் அவரு எந்திரிக்கல.

அதுலேருந்து நம்மூரு நாடகத்துல எவன் செத்தாலும், ராவணனே செத்தாலும், சனங்க "எந்திரி!"ம்பாங்க. அவன் எந்திரிச்சு மூஞ்சியக் காட்டிட்டுத்தான் மறுபடி படுக்கணும். இன்னிக்கு நாடகத்துல சாவுறது கலியன் மவன்தானே? அவன் பொண்டாட்டி முன்னாடி உக்காந்திருக்கா பாருங்க. சத்தமாக் கூப்புடுங்கப்பா.