டவுன் பஸ்ஸில் ஒரு கடற்கொள்ளைக்காரி

விளாங்குடியில் நான் ஏறிய டவுன் பஸ்ஸில் காலை ஊன்றக்கூட இடமில்லை. எனக்கு முன்னால் ஓர் அப்பாவும் எட்டு வயது மதிக்கத்தக்க மகளும் நின்றிருந்தார்கள். பள்ளிக்கூடத்தில் மாறுவேடப் போட்டியாம். அட்டைக் கத்தியும் தொப்பியும் மஞ்சள்பையில் இருந்தன. ஒரு கண்ணை மறைத்துக் கட்டிய கறுப்புத் துணியை மட்டும் அவள் கழற்றவில்லை.

“நெசக் கடல் கொள்ளைக்காரங்க தெனமும் கத்திச் சண்டை போடுவாங்களாப்பா?”

“அது கதைப் புத்தகத்துல. நெசத்துல இவங்க கொடியப் பாத்ததுமே பாதிப் பேரு பயந்துபோயி கப்பல விட்டுக்குடுத்துருவாங்களாம்.”

“சண்டையே போடாமயா? நான் நம்ப மாட்டேன்.”

பக்கத்துச் சீட்டில் இருந்த ஓர் அம்மாள் அவளை ஏறிட்டுப் பார்த்தார்.

“ஏம்ப்பா, பிள்ளைக்கு மெட்ராஸ் ஐ வந்துருக்கா? இம்புட்டுக் கூட்டத்துல கூட்டிட்டு வாரியே, எல்லாருக்கும் ஒட்டிக்கிராதா?”

சொல்லிக்கொண்டே எழுந்து முன்பக்கம் நகர்ந்தார். அவர் பக்கத்தில் இருந்த பெண்ணும் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு பின்னாலேயே போய்விட்டார்.

“இல்லக்கா, இது வேசம்...” என்று அப்பா ஆரம்பித்தார்.

மகள் அதற்குள் சன்னலோரம் உட்கார்ந்து, பக்கத்து இடத்தைக் கையால் தட்டினாள்.

“உக்காருப்பா. விட்டுக்குடுத்துட்டாங்க.”