“வரதன் நாக் ஆயிட்டான்” என்ற போன் பதிவு குறித்து

என் பெயர் சுஹைப், வயது 26, த/பெ ஷாகுல் ஹமீது. தண்டையார்பேட்டை டோல்கேட் அருகே பெற்றோருடன் குடியிருக்கிறேன். இன்ஸ்ட்ருமென்டேஷன் டிப்ளமா படித்துவிட்டு, எண்ணூரில் ஒரு ரசாயனத் தொழிற்சாலையில் ஒப்பந்ததாரர் மூலம் டெக்னீஷியனாக வேலை செய்கிறேன். இறந்துபோன அன்புமணியும், இப்போது அரசு மருத்துவமனையில் சிகிச்சையில் இருக்கும் வரதனும் வியாசர்பாடியைச் சேர்ந்தவர்கள், என் ஷிஃப்ட் ஆட்கள். நாங்கள் மூவரும் மொபைலில் துப்பாக்கிச் சண்டை கேம் ஒரே டீமாக ஆடுவோம். வேலை நேரத்தில் ஆடியதில்லை.

சம்பவத்தன்று காலை கழிவுநீர்த் தொட்டி பம்ப்பில் அடைப்பு எடுக்கச் சொன்னார்கள். தொட்டிக்குள் ஆள் இறங்கும் முன் மீட்டர் விட்டு கேஸ் அளவு பார்க்க வேண்டும். அது என் வேலை. மீட்டரை வேறு சைட்டுக்கு அனுப்பியிருந்தார்கள். சூப்பர்வைசர் வேதமாணிக்கம், “அது வர்ற வரிக்கும் குந்திகினு இருப்பியா? நேத்து எறங்கினவன் இன்னா செத்தா பூட்டான்?” என்றார். மீட்டர் இல்லாமல் யாரும் இறங்கக் கூடாது என்று சொல்லிவிட்டு, அதை எடுத்துவர பைக்கில் கிளம்பினேன். அதன்பின் அவர் வரதனை உள்ளே இறக்கி, அன்புமணியைத் தொட்டி வாயில் நிறுத்திவிட்டு ஆபீசுக்குப் போய்விட்டார். பெல்ட்டும் கயிறும் கொடுக்கவில்லை. இதை வரதன் மருத்துவமனையில் என்னிடம் சொன்னான்.

நான் வழியில் இருந்தபோது அன்புமணி போன் செய்தான். என் போனில் எல்லா அழைப்புகளும் தானாகப் பதிவாகும். போனை ஒப்படைத்திருக்கிறேன். அதில் உள்ளது:

“மாமு, வரதன் நாக் ஆயிட்டான்டா.”

“எறங்காதடா, உள்ள கேஸ் கீது. நான் வந்துகினே கீறேன்.”

“வெறும் நாக்தான் மாமு. கை ஆடுது. நான் தூக்கிடறேன்.”

அதன்பின் போனை இரும்பு மூடிமேல் வைக்கும் சத்தம். அதன்பின் என் குரல் மட்டும் பதிவாகியிருக்கிறது.

இங்கிலீஷில் நாக் என்றால் அடிதானே, அன்புமணி வரதனை அடித்தானா என்று காவல் ஆய்வாளர் கேட்டார். இல்லை. கேமில் குண்டு பட்டு விழுந்தவன் உடனே சாக மாட்டான், முட்டி போட்டு ஊர்ந்துகொண்டிருப்பான். அதுதான் நாக். கூட்டாளி போய்த் தூக்கினால் எழுந்துவிடுவான். தூக்காவிட்டால்தான் சாவு, அதற்கு ஃபினிஷ் என்று வேறு சொல் இருக்கிறது. வெளியிலும் இதையே பேசுவோம். நைட் ஷிஃப்டில் தூங்கி விழுந்தவன் நாக். பரீட்சையில் அரியர் வைத்தவன் நாக். அன்புமணியை ஒரு பெண் வேண்டாமென்றபோது குரூப்பில் அவனே “அண்ணன் நாக், யாராச்சும் வந்து பிரியாணி போட்டு தூக்குங்கப்பா” என்று போட்டான். “நாக் பண்ணு” என்றால் மெசேஜ் அனுப்பு. இன்ஜின் இழுக்காமல் தட்டினால் அதுவும் நாக்தான். கிரிக்கெட்டில் நன்றாக ஆடியதையும் நல்ல நாக் என்பார்கள். எதிலும் சண்டை இல்லை.

எங்கள் டீமில் ஒரு வழக்கம் உண்டு. நாக் ஆனவனை விட்டு ஓடக் கூடாது. ஓடியவனை வாரம் முழுக்கக் கலாய்ப்போம். தூக்கப் போகும் முன் சுற்றிலும் எதிரி இருக்கிறானா என்று பார்ப்போம். அன்புமணியும் எட்டிப் பார்த்திருப்பான். கேஸ் கண்ணுக்குத் தெரியாது. அடர்த்தி கூடினால் நாற்றமும் தெரியாது.

நான் போய்ச் சேர்ந்த பிறகு தீயணைப்பு வீரர்கள் வந்து, மாஸ்க் போட்டு இறங்கினார்கள். வரதன் ஏணியின் மேல்பாதியில், முகம் தொட்டி வாயைப் பார்த்திருக்க, அன்புமணியின் கம்பெனிச் சட்டையால் கம்பியோடு கட்டப்பட்டிருந்தான். அன்புமணி அடியில் சட்டையில்லாமல் குப்புறக் கிடந்தான்.

பசங்க கேம் புத்தியில் தானாகக் குதித்தார்கள் என்று வேதமாணிக்கம் வாக்குமூலம் கொடுத்திருப்பதாக அறிந்தேன். அப்படிப் பதிவானால் வழக்கு அன்புமணி பெயரோடு முடிந்துவிடும். பிணவறை வாசலில் அவன் தங்கை எழில்மொழி, “எங்க அண்ணன் வெளாடிகினே செத்துச்சாமே, ஆஸ்பத்திரி பூரா பேசிக்கிறாங்க. நீயாச்சும் இன்னா நடந்துச்சுன்னு சொல்லேன்” என்றாள். அவள் கேட்டதை இங்கே சொல்கிறேன். அவன் விளையாடவில்லை. வரதன் உயிரோடு இருக்கிறான் என்று பார்த்துவிட்டு இறங்கினான். பார்த்தது சரி. மீட்டர் இருந்திருந்தால் இருவருமே இறங்கியிருக்க மாட்டார்கள்.

நீ அங்கே இருந்திருந்தால் என்ன செய்திருப்பாய் என்று ஆய்வாளர் கேட்டார். விழுந்தவனைத் தூக்க இறங்காதே, ஆளைக் கூப்பிடு என்பது பாதுகாப்புப் பயிற்சியில் முதல் பாடம். அதில் நான் தேர்ச்சி பெற்றவன். நானும் இறங்கியிருப்பேன். இந்த வரி வழக்குக்கு நல்லதில்லை, எடுத்துவிடலாமா என்று எழுதிய காவலர் கேட்டார். வேண்டாம், இருக்கட்டும் என்றேன்.

எழுதியதை எனக்குப் படித்துக் காட்டினார்கள். யாரும் சொல்லிக்கொடுத்துச் சொல்லவில்லை. எல்லாம் நான் சொன்னதே, நடந்ததே.

(ஒப்பம்)
சுஹைப்