முருகன் கொடுக்காத வரம்

"முருகனிட்டை வைச்ச நேத்தியைத் திருப்பி எடுக்கேலுமோ, அக்கா?"

தொண்ணூறுகளில் ஒரு வெள்ளிக்கிழமை, லண்டனில் முருகன் கோயிலுக்குப் பக்கத்து ஸ்டேஷனான ஆர்ச்வே போகும் ரயிலில் எனக்கு எதிரே இருந்த பெண் பக்கத்தில் இருந்தவரிடம் கேட்டார். மடியில் தேங்காயும் பூவும்.

"என்ன நேத்தி வைச்சனி, பிள்ளை?"

"என்ர மகன் சீட்டு விளையாட்டை விட்டால் பாற்குடம் எடுக்கிறன் எண்டு."

"அவன் கணக்கிலை டாக்டர் பட்டம் எடுத்தவனெல்லே?"

"ஓம். எடுத்துப்போட்டு கசினோவிலை போக்கர் விளையாடுறான். அதுதான் தொழில். கேக்கிற ஆக்களுக்கு பாங்கிலை வேலை எண்டு சொல்லி வைச்சிருக்கிறன்."

"இன்னும் விடேல்லையோ?"

"எங்கை விட்டவன்! போன மாதம் எனக்கு நெஞ்சு நொந்தது. வாய்வு எண்டு சொல்லி இஞ்சித் தண்ணி குடிச்சன். இவரும் நம்பினார், டாக்டர் மருமகனும் நம்பினார். இவன் மட்டும் என்ர முகத்தையே பாத்துக்கொண்டிருந்தான். 'அம்மா பொய் சொல்லுறா' எண்டு காரிலை ஏத்தி ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போட்டான். ஹார்ட் அட்டாக், அக்கா. கொஞ்சம் பிந்தியிருந்தால் நான் இல்லை."

"முருகா! அவனுக்கு என்னெண்டு தெரிஞ்சது?"

"நானும் கேட்டனான். 'எதிரை இருக்கிறவன் எதை மறைக்கிறான் எண்டு முகத்தைப் பாத்துக் கண்டுபிடிக்கிறதுதானே அம்மா என்ர வேலை' எண்டான்."

ரயில் ஆர்ச்வேயில் நின்றது. மூத்தவர் எழுந்தார்.

"அப்ப பாற்குடம் எடுக்கேல்லையோ?"

"எடுப்பன், அக்கா. நான் கேட்டதை அவர் தராமல் விட்டதுக்கு."